சும்மா இருந்த காலத்துக்கும் கணக்கு உண்டு

நேர்முகத் தேர்வுக்குப் போகிற மலை இளைஞர்களில் பலர் ஒரே பதிலில் வாய்ப்பைத் தொலைத்துவிடுகிறார்கள். "படிப்பு முடிச்சு ரெண்டு வருஷம் ஆச்சே, இடையில என்ன பண்ணிட்டு இருந்தீங்க?" என்று கேட்டால், "சும்மாதான் சார் இருந்தேன்" என்கிறார்கள். அடக்கத்தால் சொல்கிறார்கள், பழக்கத்தால் சொல்கிறார்கள். ஆனால் அது உண்மையான பதில் அல்ல.

சேர்வராயன் மலையில், ஏற்காட்டிலோ நாகலூரிலோ வாழவந்தியிலோ இருக்கும் ஒரு பட்டதாரி, நவம்பர் பிறந்ததும் அப்பாவோடு காபிப் பழம் எடுக்கப் போயிருப்பார். பழத்தின் தோல் நீக்கும் பல்ப்பர் ஓடும் நேரத்தில் தண்ணீர் திருப்பிவிட்டிருப்பார். கோடை விழா சமயத்தில் ஒண்டிக்கடை பக்கம் ஏதாவது விடுதியில் அறைச் சாவிக் கணக்கு பார்த்திருப்பார். சித்தப்பாவின் வண்டியில் சுற்றுலா வந்தவர்களை பகோடா பாயிண்டுக்கும் சேர்வராயன் கோயிலுக்கும் கூட்டிப்போயிருப்பார். நடுவில் ஓசூரில் ஒரு கம்பெனியில் நாலு மாதம். இவ்வளவும் செய்தவர் தன்னைச் சும்மா இருந்தவர் என்று நம்புவதும், கேட்பவர் அதை அப்படியே குறித்துக்கொள்வதும் எனக்குப் பொறுக்கவில்லை.

பெண்கள் விஷயத்தில் இது இன்னும் மோசம். "பொண்ணு வீட்லதான் சும்மா இருக்கு" என்று சொல்லப்படுகிற பெண், பெரும்பாலும் களத்தில் காபி உலர்த்துகிறவள், கல்லும் கறுத்த கொட்டையும் பொறுக்கித் தரம் பிரிக்கிறவள், அம்மாவின் சுய உதவிக் குழுவுக்குத் தீர்மான நோட்டு எழுதிக்கொடுக்கிறவள். கூலி கைக்கு வரவில்லை என்பதால் வேலையே நடக்கவில்லை என்று ஆகிவிடுமா?

போக்குத் தெரியாமல் நிற்பதாக நினைக்கும் மலை இளைஞர்களுக்காகவும், அவர்களைப் பெற்றவர்களுக்காகவும் இதை எழுதுகிறேன்.

மூன்று பேர், மூன்று நிலை

"பையனுக்கு ஒரு பிடிப்பே இல்லை" என்று வீட்டில் ஒரே வார்த்தையில் சொல்லிவிடுகிறோம். உற்றுப் பார்த்தால் அதற்குள் மூன்று வேறு வேறு ஆட்கள் இருக்கிறார்கள். வங்கித் தேர்வுக்கும் எஸ்.எஸ்.சி. தேர்வுக்கும் படிப்பவர்கள் ஆங்கிலப் பகுதியில் ஒருபொருள் சொற்களை மனப்பாடம் செய்வார்களே, அங்கே இந்த வேறுபாடு தெளிவாக இருக்கிறது. 'ஏம்லெஸ்லி' என்றால் போய்ச் சேரும் இடமே மனதில் இல்லாமல் நடப்பது. 'ஹாஃப்-ஹார்ட்டட்லி' என்றால் இடம் தெரியும், மனம் ஒட்டவில்லை. மூன்றாவது, தேர்வுத் தாளுக்கு வெளியே அதிகம் கண்ணில் படாத சொல்: 'டெசல்டரிலி'. ஒன்றைத் தொடங்கி, பாதியில் விட்டு, அடுத்ததற்குத் தாவுவது. பல புத்தகங்களை நாலைந்து பக்கம் புரட்டிவிட்டு வைப்பவரைப் பற்றியும், விஷயத்துக்கு விஷயம் தாவும் பேச்சைப் பற்றியும் ஆங்கிலத்தில் இப்படி எழுதுவார்கள்.

அந்தச் சொல்லின் வேர் லத்தீனில் இருக்கிறது. பண்டைய ரோமாபுரியின் குதிரை அரங்கில், ஓடும் குதிரையிலிருந்து பக்கத்தில் ஓடும் குதிரைக்குத் தாவுகிற வித்தைக்காரனுக்கு 'டெசல்டர்' என்று பெயர். இதை நான் சொல்லக் காரணம் உண்டு. தாவுகிறவன் எல்லாம் திக்குத் தெரியாதவன் அல்ல. எந்த நொடியில், எந்தக் குதிரைக்கு என்று தெரிந்து தாவியவன் கைதேர்ந்தவன். காலப்போக்கில் சொல்லுக்கு வசைப்பொருள் மட்டும் மிஞ்சிவிட்டது.

இந்த மூவருக்கும் மருந்து ஒன்றல்ல. இடம் தெரியாதவருக்கு வேண்டியது, பல வேலைகளைப் பக்கத்திலிருந்து பார்க்கும் வாய்ப்பு. மனம் ஒட்டாதவர், பெற்றோரோ நண்பர்களோ தேர்ந்தெடுத்த பாதையில் நிற்கிறாரா என்று தன்னையே கேட்டுக்கொள்ள வேண்டும். தாவுகிறவருக்கு வேண்டியது அறிவுரை அல்ல, கணக்கு. எங்கிருந்து எங்கே தாவினோம், எதை எடுத்துக்கொண்டு தாவினோம் என்ற கணக்கு. சேர்வராயன் மலையில் அதிகம் இருப்பவர் இந்த மூன்றாமவர்தான். அதற்கு மலையின் நாள்காட்டியே காரணம்.

மலையின் நாள்காட்டி

சமவெளியில் ஒரு மில்லிலோ கடையிலோ ஜனவரியும் ஜூலையும் ஒன்றுதான். சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஏற்காட்டில் அப்படியில்லை. மார்ச், ஏப்ரலில் முதல் மழை விழுந்து பத்து நாளுக்குள் காபி பூக்கிறது. நவம்பரில் பழம் சிவந்து, ஜனவரி வரை எடுப்பு நடக்கிறது. முதலில் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் பழுத்ததைப் பறிக்கும் சுற்று, பிறகு பெரிய சுற்று, கடைசியில் கிளையில் மிஞ்சியதை உருவும் சுற்று. அதை ஒட்டியே சில்வர் ஓக் மரங்களில் ஏறியிருக்கும் மிளகுக் கொடிகளுக்கு ஏணி சாத்த வேண்டும். எடுப்பு முடிந்தால் கவாத்து. ஏப்ரலிலிருந்து சுற்றுலாக் கூட்டம், மே மாதம் அண்ணா பூங்காவில் மலர்க் காட்சியோடு கோடை விழா. ஜூனில் பள்ளி திறந்ததும் கூட்டம் வடிந்துவிடும். பிறகு மழை, களையெடுப்பு, நிழல் மரங்களின் கிளை கழித்தல்.

இந்தச் சுழற்சியில் வாழும் ஒருவர் வருடத்துக்கு மூன்று வேலை மாறாமல் இருக்க முடியாது. சேலத்திலோ பெங்களூரிலோ மனிதவளப் பிரிவில் உட்கார்ந்திருப்பவருக்கு இது தாவலாகத் தெரியும். அவருக்கு விளக்க வேண்டியது நீங்கள். விளக்கவேண்டுமானால் முதலில் உங்களுக்கே அது விளங்கவேண்டும்.

அதற்கு நான் சொல்லும் வழி, ஒரு நோட்டு. நாட்குறிப்பு அல்ல. வேலைக் கணக்கு. எந்த மாதம், எங்கே, என்ன வேலை, எத்தனை பேரோடு, என்ன அளவு, புதிதாக என்ன தெரிந்துகொண்டேன் — வேலை நாளில் இரண்டு வரி போதும். ஒரு முழுப் பருவம் எழுதிய பிறகு புரட்டிப் பாருங்கள். எல்லா வேலையிலும் திரும்பத் திரும்ப ஒன்று வந்திருக்கும். ஒருவர் எங்கே போனாலும் கணக்கு எழுதும் வேலை அவர் கைக்கே வந்திருக்கும். இன்னொருவருக்கு வெளியூர்க்காரர்களிடம் பேசிச் சமாளிக்கும் வேலை. மற்றொருவர் தோட்டமானாலும் விடுதியானாலும் பழுதான மோட்டாருக்குப் பக்கத்தில்தான் நின்றிருப்பார். அதுதான் உங்கள் இழை. அதைப் பிடித்துக்கொண்டு அடுத்த வேலையைத் தேடுங்கள்.

எந்த இழையும் தென்படவில்லை, பருவம் முழுக்க இரண்டு பக்கம்கூட நிரம்பவில்லை என்றால், அதுவும் உண்மையான தகவல்தான். மூன்று பயிற்சி மையங்களில் சேர்ந்து மூன்றையும் பாதியில் விட்டது, கடைசி நாள் இரவில் விண்ணப்பம் போட்டுத் தேர்வுக்குப் போகாமல் இருந்தது, பகலெல்லாம் போன் பார்த்தது, இதற்கெல்லாம் நாள்காட்டியைக் காரணம் சொல்ல முடியாது. அப்படிப்பட்டவருக்கு என் ஆலோசனை கடுமையானது: வரும் பழ எடுப்பில் முதல் நாள் சேர்ந்து கடைசிச் சுற்று வரை ஒரே தோட்டத்தில் நில்லுங்கள். பெரிய இலட்சியம் எதையும் இப்போது முடிவு செய்ய வேண்டாம். எடுத்ததை முடிக்கும் பழக்கம் முதலில் வரட்டும்.

அமெரிக்காவில் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த ஜான் க்ரம்போல்ட்ஸ், 1999-இல் இரு சக ஆய்வாளர்களோடு எழுதிய கட்டுரையில், எதிர்பாராமல் நடப்பவைதான் பெரும்பாலோரின் வேலைப் பாதையை முடிவு செய்கின்றன என்றார். அவரே உளவியலுக்கு வந்தது, கல்லூரியில் அவருடைய டென்னிஸ் பயிற்சியாளர் உளவியல் ஆசிரியராகவும் இருந்ததால்தான். ஆனால் தற்செயல் எல்லோருக்கும் பலன் தருவதில்லை. ஆர்வம், விடாமுயற்சி, வளைந்துகொடுத்தல், நம்பிக்கை, துணிந்து இறங்குதல் ஆகியவை இருப்பவருக்கே அது பயன்படும் என்பது அந்தக் கட்டுரையின் வாதம். இடம் தெரியாமல் நடக்கும் முதல் ஆளுக்கு இதைவிட ஆறுதலான செய்தி எனக்குத் தெரியாது. இன்றே முடிவெடுக்கச் சொல்லி அவரை நெருக்கும் பெற்றோர் கொஞ்சம் பொறுக்கலாம்.

யாரிடம் கேட்பது

அதே ஊரில், அதே தெருவில், தினம் பார்க்கும் நண்பர்களிடம் வேலை விசாரிப்பதில் பலன் குறைவு. அவர்களுக்குத் தெரிந்தது உங்களுக்கும் தெரியும். சமூகவியலாளர் மார்க் கிரானோவெட்டர் அமெரிக்காவின் நியூட்டன் நகரில், தெரிந்தவர் மூலம் வேலை பெற்றவர்களை விசாரித்தார். தகவல் தந்தவரை அந்தச் சமயத்தில் அடிக்கடி சந்தித்துவந்ததாகச் சொன்னவர்கள் ஆறில் ஒருவர்தான். மற்றவர்களுக்கெல்லாம் எப்போதாவது பார்க்கும் ஆள் மூலமே வழி திறந்தது.

ஏற்காட்டில் அந்த 'எப்போதாவது பார்க்கும் ஆட்கள்' ஏராளம். எஸ்டேட் ரைட்டர், காபி வாங்க வரும் வியாபாரி, காபி வாரியத்தின் விரிவாக்க அலுவலர், தோட்டக்கலை ஆராய்ச்சி நிலைய ஊழியர், விடுதிக்கு மளிகை போடுகிறவர், இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் தினம் ஏறி இறங்கும் பேருந்து ஓட்டுநர். இவர்களிடம் "ஏதாவது வேலை இருந்தா சொல்லுங்கண்ணா" என்று கேட்காதீர்கள். அது யாராலும் பதில் சொல்ல முடியாத கேள்வி. "அண்ணா, நீங்க இந்த வேலைக்கு எப்படி வந்தீங்க? இதுல சேர என்ன தெரிஞ்சிருக்கணும்?" என்று கேளுங்கள். தன் வேலையைப் பற்றிப் பேசச் சொன்னால் முகம் மலராதவர் குறைவு. இப்படிப் பத்துப் பேரிடம் பேசினால், நீங்கள் கேள்விப்படாத இரண்டு மூன்று வேலைகளாவது தெரியவரும்.

மலையிலேயே இருக்கும் படிகள்

வேலை என்றால் மலையை விட்டு இறங்குவது என்ற எண்ணம் பல வீடுகளில் ஊறிவிட்டது. இறங்குவதில் தப்பில்லை. ஆனால் மலையில் இருக்கும் தொழில்களின் ஆழத்தைப் பார்த்துவிட்டு இறங்கட்டும்.

1820-களில் சேலம் கலெக்டராக இருந்த எம்.டி. காக்பர்ன் இங்கே காபியைக் கொண்டுவந்து பரப்பினார். இருநூறு வருடத் தொழில். அதில் நம் இளைஞர்களுக்குத் தெரிந்தது பெரும்பாலும் பழம் எடுப்பதோடு முடிந்துவிடுகிறது. எடுத்த பழத்தை அன்றே தோல் நீக்கி, கொழகொழப்பு விடும்வரை தொட்டியில் ஊறவைத்து, கழுவி, ஈரப்பதம் 10 சதவீதம் அளவுக்கு வரும்வரை உலர்த்தினால் பார்ச்மெண்ட் காபி. பழமாகவே உலர்த்தினால் செர்ரி. குளிர்ந்த மலையில் ஊறலுக்கு நேரம் கூடுதலாகப் பிடிக்கும். அரைநாள் கவனம் தப்பினால் கோப்பையில் புளித்த வாடை வந்துவிடும். ஒரே தோட்டத்துப் பழம், கைப்பக்குவத்தைப் பொறுத்து நல்ல விலைக்கும் போகலாம், சாதாரண விலைக்கும் போகலாம். எப்போது கழுவ வேண்டும் என்று தொட்டுப் பார்த்தே சொல்லத் தெரிந்த பிள்ளைகள் இந்த மலையில் இருக்கிறார்கள். அந்த அறிவுக்கு அவர்களிடம் காகிதம் இல்லை என்பதுதான் குறை.

காகிதம் வாங்க வழி உண்டு. இந்திய காபி வாரியம், காபித் தர மேலாண்மையில் ஓராண்டு முதுநிலைப் பட்டயப் படிப்பு நடத்துகிறது. தாவரவியல், வேதியியல், வேளாண்மை போன்ற அறிவியல் பாடங்களில் பட்டம் பெற்றவர்கள் சேரலாம். பயிற்சியின் ஒரு பகுதி கர்நாடகத்தில் பாலெஹொன்னூரில் இருக்கும் மத்திய காபி ஆராய்ச்சி நிலையத்தில் நடக்கும். முடித்தவர்கள் காபி ருசித்துத் தரம் சொல்பவர்களாகவும், வறுக்கும் ஆலைகளிலும் ஏற்றுமதி நிறுவனங்களிலும் தரப் பொறுப்பாளர்களாகவும் போகிறார்கள். வறுப்பது, காபி போடுவது ஆகியவற்றுக்கு 'காபி சாஸ்திரா' என்ற பெயரில் குறுகிய காலப் பயிற்சியும் வாரியம் தருகிறது. சேலம் கல்லூரிகளில் தாவரவியல் படித்துவிட்டு 'என்ன செய்வதென்று தெரியவில்லை' என்று சொல்லும் மலைப் பிள்ளைகளுக்கு, சின்ன வயதிலிருந்தே பழகிய பயிர் ஒரு தொழிலாக இங்கே காத்திருக்கிறது.

செடிகொடிகளில் ஆர்வம் இருப்பவர்களுக்கு இன்னொரு வாசல். இந்தியத் தாவரவியல் ஆய்வகம் 1963-இல் ஏற்காட்டில் தொடங்கிய தேசிய ஆர்க்கிட் தோட்டம் இருக்கிறது. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையமும் இருக்கிறது. விஞ்ஞானியாக நுழைய முதுநிலைப் படிப்பு வேண்டும், உண்மைதான். ஆனால் நாற்று வளர்ப்பு, ஒட்டுக் கட்டுதல், நாற்றங்கால் நடத்துதல் ஆகியவற்றைத் தெரிந்துகொள்ள இவற்றைப் போல் பக்கத்திலேயே இடம் அமைவது அரிது.

விடுதித் தொழிலுக்கு வந்தால், மே மாதம் மட்டும் அறை காட்டும் வேலையோடு நிற்பதா என்பதே கேள்வி. திருச்சி துவாக்குடியில் மாநில உணவக மேலாண்மை நிறுவனமும், சென்னை தரமணியில் மத்திய அரசின் நிறுவனமும் உள்ளன. ஏற்கெனவே இரண்டு சீசன் வரவேற்பு மேசையில் நின்ற ஒருவர் அங்கே போனால், மற்ற மாணவர்களுக்குப் பாடமாக வருவது அவருக்கு அனுபவமாக இருக்கும்.

அரசு வேலைக்கு முயல்பவர்களுக்குச் சுருக்கமாக: குரூப் 4 தேர்வுக்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி போதும். 200 கேள்விகள், 300 மதிப்பெண். அதில் 100 கேள்விகள் தமிழில் இருந்து. தமிழ்ப் பகுதியின் 150-இல் 60 எடுக்காதவரின் மீதித் தாளைத் திருத்தவே மாட்டார்கள். ஆகவே பள்ளித் தமிழ்ப் புத்தகங்களை முதலில் முடியுங்கள், மற்ற வழிகாட்டி நூல்களுக்குப் பிறகு போகலாம். மாவட்ட வேலைவாய்ப்பு மற்றும் தொழில்நெறி வழிகாட்டும் மையத்தின் தன்னார்வப் பயிலும் வட்டத்தில் இலவசப் பயிற்சி நடக்கிறது. கல்லூரியில் இன்னும் படித்துக்கொண்டிருப்பவர்கள், 2022 மார்ச் 1-இல் தமிழக அரசு தொடங்கிய 'நான் முதல்வன்' திட்டத்தின் படிப்புகளைக் கடமைக்கு முடித்துச் சான்றிதழ் வாங்காமல், தங்கள் இழைக்குப் பொருந்துவதைத் தேர்ந்தெடுத்துப் படிக்கலாம்.

எப்படி எழுதுவது, எப்படிச் சொல்வது

இப்போது நோட்டைத் திறந்து வைத்துக்கொண்டு சுயவிவரம் எழுதுங்கள். 'வேலையில்லாத காலம்' என்று இரண்டு வருடத்தைக் காலியாக விடாதீர்கள். பருவம் பருவமாக எழுதுங்கள்: நவம்பர் முதல் ஜனவரி வரை காபி எடுப்பு, இத்தனை பேர் குழுவின் தினசரி எடைக் கணக்கு என் பொறுப்பு, ஏப்ரல், மே இரண்டு மாதமும் விடுதி வரவேற்பு, இத்தனை அறைகள், தமிழோடு கன்னடமும் பேசிச் சமாளித்தேன், ஜூலை முதல் அக்டோபர் வரை வாடகை வண்டி ஓட்டம், மலைப்பாதையில் விபத்தில்லாமல். எண்களை உங்கள் நோட்டிலிருந்து மட்டும் எடுங்கள். கூட்டிச் சொன்னால், அடுத்த கேள்வியிலேயே தெரிந்துவிடும்.

ஓசூரில் நாலு மாதத்தில் விட்டு வந்த வேலையையும் மறைக்க வேண்டாம். "வீட்டில் எடுப்பு ஆரம்பமானது, ஆள் இல்லை, வந்துவிட்டேன். இப்போது தம்பி பார்த்துக்கொள்கிறான், இனி அந்தச் சிக்கல் இல்லை" என்று உள்ளதைச் சொல்லலாம். கேட்பவருக்குத் தெரிய வேண்டியது, நீங்கள் மறுபடியும் பாதியில் போவீர்களா என்பது ஒன்றுதான். அதற்குப் பதில் சொல்லிவிட்டால் போதும்.

ஆங்கிலத்தில் பேசச் சொன்னால் சின்ன வாக்கியங்களில் பேசுங்கள். "ஐ ஒர்க்ட் ட்டூ சீசன்ஸ் இன் எ காபி எஸ்டேட். ஐ கெப்ட் தி வெயிட் ரிஜிஸ்டர்." இதற்கு மேல் அலங்காரம் தேவையில்லை. தேர்வுக்காக மனப்பாடம் செய்த 'டெசல்டரிலி' மாதிரியான சொற்கள் தேர்வுத் தாளோடு நிற்கட்டும். தன் வேலையைப் பற்றிச் சொல்லும்போது அந்தச் சொல்லைப் போட்டால், "நான் எதையும் முடிக்காதவன்" என்று நீங்களே எழுதிக்கொடுத்ததாக ஆகும். அப்படியே, "சிம்ப்ளி ஐ வாஸ் அட் ஹோம்" என்று 'சும்மா'வை ஆங்கிலத்துக்குக் கொண்டுபோவதையும் விட்டுவிடுங்கள்.

காகிதங்கள்

கடைசியாக, திறமை இருந்தும் பலர் இடறுகிற இடம். மலையாளிப் பழங்குடி இளைஞர்கள் சாதிச் சான்றிதழை, வேலை அறிவிப்பு வந்த பிறகு தேடக் கூடாது. பழங்குடியினர் சான்றிதழை வட்டாட்சியர் தருவதில்லை. வருவாய்க் கோட்டாட்சியர் விசாரித்துத்தான் தருவார், அதற்கு நாள் பிடிக்கும். பன்னிரண்டாம் வகுப்பு படிக்கும்போதே விண்ணப்பித்துவிடுங்கள். கூடவே சேலம் வேலைவாய்ப்பு மையத்தில் பதிவு செய்யுங்கள், இணையத்திலேயே செய்யலாம். ஒவ்வொரு படிப்பு முடிந்ததும் அதைப் பதிவில் சேர்க்க வேண்டும். மூன்று ஆண்டுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். தவறினால், அதுவரை சேர்ந்த பதிவு மூப்பு போய்விடும்.